நள்ளிரவு தாண்டி 32 நிமிடம்

நீதி, மானுடம், வன்முறை என்று அட்டையிலேயே பெரிய பெரிய வார்த்தைகள் போட்ட புத்தகங்களைப் பார்த்தால் எனக்குக் கொஞ்சம் பயம். பாதிப் பக்கங்கள் ஆசிரியரின் பெருமூச்சாகத்தான் இருக்கும். மீதியில் நாமும் சேர்ந்து பெருமூச்சு விட வேண்டும். படித்து முடித்த பிறகு யார் யாரை எதற்குக் கொன்றார்கள் என்று கேட்டால் சரியாகச் சொல்ல வராது.

இந்தப் புத்தகம் அந்த வகை இல்லை. இதில் ஆசிரியர் கேட்கிற கேள்வி ரொம்பச் சின்னது. அப்போது மணி என்ன? அவ்வளவுதான். போலீஸ் ஒரு வீட்டுக்குள் எத்தனை மணிக்கு நுழைந்தது, ரேடியோவில் ஓர் அறிவிப்பு எத்தனை மணிக்கு வாசிக்கப்பட்டது. இரண்டுக்கும் நடுவில் சுமார் ஒரு மணி நேரம் இடைவெளி. அந்த ஒரு மணி நேரத்தைப் பிடித்துக்கொண்டு, அரசாங்கம் "மரண தண்டனை" என்று சொன்னதைக் கொலை என்று நிரூபித்துக் காட்டினார் ஒரு துப்பறியும் கதை எழுத்தாளர்.

அவர் பெயர் ரொடால்ஃபோ வால்ஷ். நாடு அர்ஜென்டினா. புத்தகம் 'ஒப்பெராசியோன் மஸாக்ரே', 1957-ல் வந்தது. டானியல்லா கிட்லின் செய்த ஆங்கில மொழிபெயர்ப்பு வருவதற்கு 2013 வரை ஆயிற்று. உண்மைச் சம்பவத்தை நாவல் மாதிரி எழுதுவதை ட்ரூமன் கபோட்டிதான் கண்டுபிடித்தார் என்று நம்மில் பலர் நம்பிக்கொண்டிருக்கிறோம். கபோட்டியின் புத்தகம் வருவதற்கு எட்டு வருஷம் முன்பே வால்ஷ் அதைச் செய்து முடித்துவிட்டார். என்ன, அவர் எழுதியது ஸ்பானிஷில். அதனால் உலகத்துக்கு லேட்டாகத்தான் தெரிந்தது.

சரி, கதைக்கு வருவோம். கொஞ்சம் பின்னணி சொன்னால்தான் விளங்கும்.

1946-லிருந்து அர்ஜென்டினாவை ஆண்டவர் ஹுவான் பெரோன். தொழிலாளிகளுக்குத் தெய்வம், பணக்காரர்களுக்கும் படித்தவர்களில் பெரும்பாலோருக்கும் சர்வாதிகாரி. இரண்டிலும் உண்மை உண்டு. 1955 ஜூன் 16 அன்று அவரைக் கொல்வதற்காகக் கடற்படை விமானங்கள் தலைநகரின் நடு மையமான மே சதுக்கத்தில் பட்டப்பகலில் குண்டு போட்டன. பெரோன் தப்பித்தார். வேலைக்குப் போய்க்கொண்டிருந்த ஜனங்கள் 300 பேருக்கு மேல் செத்தார்கள். அதே வருஷம் செப்டம்பரில் ராணுவம் அவரைத் துரத்தியே விட்டது. தனக்குத் தானே "விடுதலைப் புரட்சி" என்று பெயரும் வைத்துக்கொண்டது. நவம்பரில் ஜெனரல் பெத்ரோ அரம்புரு ஜனாதிபதி நாற்காலியில் உட்கார்ந்தார்.

1956 மார்ச்சில் ஒரு விசித்திரமான ஆணை போட்டார்கள். பெரோன் என்ற பெயரைப் பொதுவில் சொல்லக்கூடாது. படம் வைக்கக்கூடாது, கட்சிப் பாட்டுப் பாடக்கூடாது. பத்திரிகைகள் பெயரைப் போடாமல் "ஓடிப்போன கொடுங்கோலன்" என்று எழுத ஆரம்பித்தன.

பெரோனுக்கு வேண்டிய ராணுவ அதிகாரிகள் சும்மா இருப்பார்களா? ஜெனரல்கள் ஹுவான் ஹோசே வாயேயும் ராவுல் டான்கோவும் 1956 ஜூன் 9, சனிக்கிழமை ராத்திரிக்கு ஒரு கலகம் திட்டமிட்டார்கள். அரசாங்கத்துக்கு முன்கூட்டியே வாடை தெரிந்துவிட்டிருந்தது. நடக்கட்டும், அப்புறம் ஒரேயடியாய்ப் பாடம் கற்பிக்கலாம் என்று காத்திருந்தார்கள். கலகம் சில மணி நேரத்தில் பிசுபிசுத்துப் போனது. லா ப்ளாட்டா நகரில்தான் கொஞ்சம் நேரம் தாக்குப்பிடித்தது.

இதெல்லாம் நடந்துகொண்டிருந்தபோது, புவேனோஸ் ஐரிஸ் நகரத்துக்கு வடக்கே ஃப்ளோரிடா என்ற புறநகர்ப் பகுதியில் (அமெரிக்காவில் இருக்கிற ஃப்ளோரிடா இல்லை) ஒரு வீட்டின் பின்கட்டில் சிலர் ரேடியோ கேட்டுக்கொண்டிருந்தார்கள். அன்றைக்குப் பெரிய குத்துச்சண்டைப் போட்டி. அர்ஜென்டினாவின் லாவ்ஸேக்கும் சிலியின் லோயாஸாவுக்கும் நடுவில். ஊரே ரேடியோ முன்னால் உட்கார்ந்திருந்த ராத்திரி.

இருந்தவர்களில் சிலருக்குக் கலகம் பற்றித் தெரியும். சேதி வந்தால் கிளம்பக்கூடத் தயாராக இருந்திருக்கலாம். சிலருக்கு அரைகுறையாகத் தெரியும். மற்ற சிலர் நிஜமாகவே குத்துச்சண்டை கேட்க வந்தவர்கள். ஒருவர் செருப்புக் கடையில் விற்பனையாளர், பக்கத்து வீட்டுக்காரர். இன்னொருவர் ஹுவான் கார்லோஸ் லிவ்ராகா, இருபத்து சொச்சம் வயது பஸ் டிரைவர். நண்பர் கூப்பிட்டார் என்று கூட வந்தவர். வால்ஷ் இந்த வித்தியாசத்தை மறைக்கவில்லை. எல்லாரும் அப்பாவிகள் என்று அழுதிருந்தால் புத்தகம் இன்னும் சுலபமாக விற்றிருக்கும். அவர் அப்படிச் செய்யாததுதான் எனக்குப் பிடித்தது. ஏன் என்று பிறகு சொல்கிறேன்.

ராத்திரி பதினொன்று, பதினொன்றரை வாக்கில் போலீஸ் உள்ளே புகுந்தது. தலைமை தாங்கி வந்தவர் சாதாரண இன்ஸ்பெக்டர் இல்லை. புவேனோஸ் ஐரிஸ் மாகாணப் போலீசுக்கே தலைவரான லெஃப்டினன்ட் கர்னல் தெசிதேரியோ ஃபெர்னாண்டஸ் ஸ்வாரெஸ். டான்கோ எங்கே, டான்கோ எங்கே என்று கத்திக்கொண்டே வந்தார். டான்கோ அங்கே இல்லை. இருந்தவர்களை அடித்து, ஒரு பஸ்ஸில் ஏற்றி, சான் மார்ட்டின் போலீஸ் நிலையத்துக்குக் கொண்டுபோனார்கள்.

அதற்குப் பிறகு, நள்ளிரவு தாண்டி 32 நிமிடத்துக்கு, அரசாங்க வானொலி ராணுவச் சட்டத்தை அறிவித்தது. அதாவது மார்ஷியல் லா. அப்போது தேதி ஜூன் 10 ஆகிவிட்டது.

விடிவதற்கு முன்னால் மேலிடத்திலிருந்து உத்தரவு வந்தது. 12 பேரைப் போலீஸ் வண்டியில் ஏற்றினார்கள். எங்கே போகிறோம் என்று சொல்லவில்லை. வேறு ஊர் ஜெயிலுக்கு மாற்றுகிறார்கள் என்று நினைத்துக்கொண்டவர்களும் உண்டு. ஹோசே லியோன் ஸ்வாரெஸ் என்ற இடத்தில், ஊர்க் குப்பையைக் கொட்டும் மேட்டுப் பக்கம் வண்டி நின்றது. இறங்கி நடக்கச் சொன்னார்கள். பின்னாலிருந்து வண்டியின் ஹெட்லைட் வெளிச்சம்.

அந்த இருட்டும் போலீஸ்காரர்களின் பதற்றமும் சேர்ந்து ஒரு காரியம் செய்தன. 5 பேர் செத்தார்கள், 7 பேர் தப்பித்தார்கள். சிலர் ஓடினார்கள். ஒருவர் செத்த மாதிரி குப்புறப் படுத்தே கிடந்தார். லிவ்ராகாவும் அப்படித்தான் கிடந்தார். ஆனால் உயிர் இருப்பதைப் பார்த்துவிட்டு கிட்டே வந்து சுட்டார்கள். குண்டு முகத்தைக் கிழித்துக்கொண்டு போனது, கையிலும் ஒன்று. செத்தான் என்று விட்டுவிட்டுப் போனார்கள். அவர் எழுந்து நடந்தார்.

செத்தவர்கள்: நிக்கோலாஸ் கர்ரான்ஸா, ஃப்ரான்சிஸ்கோ கரிபோத்தி (இருவரும் ரயில்வே தொழிலாளிகள்), விசென்தே ரொத்ரிகெஸ் (துறைமுகக் கூலி), கார்லோஸ் லிஸாஸோ, மரியோ ப்ரியோன். லிஸாஸோவுக்கு வயது 21. கர்ரான்ஸாவுக்கு 6 பிள்ளைகள், கரிபோத்திக்கு 6, ரொத்ரிகெஸுக்கு 3, ப்ரியோனுக்கு 1. ஆக 16 குழந்தைகளுக்கு அப்பா இல்லாமல் போனது. இந்தக் கூட்டலையும் வால்ஷ்தான் போட்டுக் காட்டுகிறார். கலகத் தலைவர் வாயே, மற்றவர்களைக் கொல்வதை நிறுத்தட்டும் என்று தானே வந்து சரணடைந்தார். 12-ம் தேதி அவரையும் சுட்டுவிட்டார்கள்.

இந்த ஐந்து பேரும் பத்திரிகையில் வெறும் பெயர்கள். கலகக்காரர்கள், ராணுவச் சட்டப்படி தண்டிக்கப்பட்டார்கள், ஃபைல் குளோஸ். கொடுமையான வேடிக்கை என்னவென்றால், அதிகாரபூர்வமாகச் செத்தவர்கள் பட்டியலில் உயிரோடிருந்த ஒருவர் பெயரும் இருந்தது. ரெய்னால்தோ பெனவிதெஸ். அவர் அந்தக் குப்பைமேட்டிலிருந்து ஓடித் தப்பித்தவர். தண்டனையைக்கூட எண்ணிப் பார்த்து நிறைவேற்றவில்லை.

இனி வால்ஷ். 1927-ல் பிறந்தவர், ஐரிஷ் வம்சாவளி. வயிற்றுப்பாட்டுக்கு மொழிபெயர்ப்பு, ப்ரூஃப் பார்ப்பது. துப்பறியும் கதைகள் எழுதுவார். 1953-ல் வந்த அவருடைய கதைத் தொகுப்புக்குப் பரிசுகூடக் கிடைத்தது. அரசியலில் பெரோனுக்கு எதிர் ஆள். 1955 ராணுவப் புரட்சியை ஆதரித்தவர்தான். அண்ணன் கடற்படையில் விமானி. லா ப்ளாட்டாவில் குடியிருந்தார், காபிக் கடையில் செஸ் விளையாடுவார். கலக ராத்திரியில் அவர் வீட்டுப் பக்கத்திலேயே துப்பாக்கிச் சூடு நடந்தது. ஜன்னலுக்கு அந்தப்புறம் ஒரு இளம் சிப்பாய், தன்னை விட்டுட்டுப் போகாதீங்க என்று கூட வந்தவர்களைத் திட்டிக்கொண்டே செத்ததைக் கேட்டிருக்கிறார். அதையும் மறந்துவிட்டு செஸ்ஸுக்கே திரும்பிவிட்டார்.

ஆறு மாதம் கழித்து, 1956 டிசம்பரில், அதே காபிக் கடையில் ஒருவர் அவரிடம் ஒரு சேதி சொன்னார். சுட்டுக் கொல்லப்பட்டவர்களில் ஒருத்தன் உயிரோடு இருக்கானாம்.

துப்பறியும் கதை எழுதுகிறவனுக்கு இதைவிட நல்ல முதல் வரி கிடைக்குமா? லிவ்ராகாவைப் போய்ப் பார்த்தார். முகத்திலிருந்த வடுக்களைப் பார்த்த கணத்திலேயே நம்பிவிட்டதாக எழுதுகிறார். ஆரம்பத்தில் அவருக்கு இருந்தது நியாய உணர்ச்சி மட்டும் இல்லை. பெரிய ஸ்கூப் சிக்கிவிட்டது, வேறு எவனாவது முந்திவிடுவானோ என்ற பதைப்பும்தான். அதையும் ஒளிக்காமல் ஒத்துக்கொள்கிறார். முந்திக்கொள்ள யாருமே இல்லை. பெரிய பத்திரிகை எதுவும் தொடக்கூடத் தயாரில்லை.

வீட்டை விட்டார். போலிப் பெயரில் அடையாள அட்டை எடுத்தார். ஒரு கைத்துப்பாக்கி வாங்கிக்கொண்டார். துணைக்கு என்ரிகெத்தா முனீஸ் என்ற இளம் பத்திரிகையாளர். ஸ்பெயினில் பிறந்த பெண், வயது இருபது சொச்சம். புத்தகத்தில் பாதி உழைப்பு அந்தப் பெண்ணுடையது. வால்ஷ் புத்தகத்தை அவருக்குத்தான் சமர்ப்பித்திருக்கிறார். அவருடைய குறிப்பேடுகள் 2019-ல்தான் தனிப் புத்தகமாக வந்தன. அறுபது வருஷம் அவர் ஒரு சமர்ப்பணப் பக்கமாகவே இருந்தார்!

இருவரும் குப்பைமேட்டுக்குப் போய்ப் படம் எடுத்தார்கள். கதவு கதவாகத் தட்டினார்கள். யாரும் வாய் திறக்கவில்லை. அந்தத் தெருவில் ஒரு சின்னப் பெண், நீங்க தேடற ஆள் வீட்டுலதான் இருக்கார், இல்லைன்னு சொல்லுவாங்க, ஆனா இருக்கார் என்று விவரம் சொல்லியிருக்கிறாள். தெருவுக்கே தெரிந்த ரகசியம், ஒரு குழந்தைதான் சொல்லிற்று. ஒருவர் இருவரானார், இருவர் மூவரானார். பொலிவியத் தூதரகத்தில் அடைக்கலம் புகுந்தவர் வழியாக மற்றவர்கள் விவரமும் கிடைத்தது. கடைசியில் உயிரோடு இருப்பவர்கள் 7 பேர் என்று கணக்கு முடிந்தது.

இங்கேதான் நான் ஆரம்பத்தில் சொன்ன மணி விஷயம் வருகிறது.

அரசாங்கத்தின் வாதம் இதுதான்: நாட்டில் ராணுவச் சட்டம் அமலில் இருந்தது, கலகக்காரர்களைச் சுட்டோம், இதில் என்ன தப்பு? மனிதாபிமானம் பேசி இதற்குப் பதில் சொன்னால் அது வெறும் அபிப்பிராய பேதமாகப் போய்விடும். வால்ஷ் வேறு வழியில் போனார். சட்டம் எப்போதிலிருந்து அமலுக்கு வந்தது? அறிவித்த பிறகுதான். அறிவிப்புக்கு முன்னால் பிடிபட்டவன் அந்தச் சட்டத்தை எப்படி மீற முடியும்? அறிவித்தபோது அவன் போலீஸ் காவலில், கையைக் கட்டிக்கொண்டு பெஞ்சில் உட்கார்ந்திருக்கிறான். அவன் கலகக்காரனாகவே இருக்கட்டும். அவனைப் பழைய சட்டப்படி கோர்ட்டுக்குத்தான் கொண்டுபோகலாம். அதனால்தான் எல்லாரும் அப்பாவிகள் என்று நிரூபிக்க வேண்டிய அவசியமே வால்ஷுக்கு இல்லாமல் போயிற்று. குற்றவாளிக்கும் பொருந்துகிற வாதம் அது. வக்கீல்கள் கவனிக்கவும்.

இரண்டு நேரத்தையும் காகிதத்தில் பிடிக்க வேண்டும். முதலாவது, அறிவிப்பு. அரசாங்க வானொலியின் அன்றைய ஒலிபரப்புப் பதிவேட்டின் நகலைத் தேடி எடுத்தார். எந்த நிமிடம் எந்த இசைத்தட்டு, எப்போது அறிவிப்பு என்று ஊழியர்கள் எழுதி வைக்கிற நோட்டு. போலீஸ் அந்த வீட்டுக்குள் நுழைந்த நேரத்தில் ரேடியோ வழக்கம்போலப் பாட்டுத்தான் போட்டுக்கொண்டிருந்தது. 0.32-க்குத்தான் சட்டம் வாசிக்கப்பட்டது என்று அரசாங்கக் கையெழுத்திலேயே இருந்தது.

இரண்டாவது, கைது. இதற்குச் சாட்சி சொன்னவர் யார் தெரியுமா? சாட்சாத் ஃபெர்னாண்டஸ் ஸ்வாரெஸே. 1956 டிசம்பரில் விவகாரம் மெல்லக் கசிந்தபோது, மாகாண ஆலோசனை சபை அவரைக் கூப்பிட்டு விளக்கம் கேட்டது. தன் வீரத்தைச் சொல்லிக்கொள்கிற ஜோரில், இரவு 11 மணிக்கு அந்த வீட்டை நானே நேரில் போய்ச் சோதனை போட்டேன் என்று சொல்லிவிட்டார். அது எழுத்தில் பதிவாகியும்விட்டது. சட்டம் வருவதற்கு ஒன்றரை மணி நேரம் முன்னால்! வால்ஷுக்கு அந்தப் பதிவு கிடைத்தபோது எப்படி இருந்திருக்கும்? எதிராளி தானாகவே ராணியைக் கொண்டுவந்து பலகை நடுவில் வைத்த மாதிரி இருந்திருக்கும்.

மூன்றாவதாக ஒரு துண்டுக் காகிதமும் உண்டு. சான் மார்ட்டின் போலீஸ் நிலையத்தில் லிவ்ராகாவின் பையில் இருந்ததை எடுத்துக்கொண்டு கொடுத்த ரசீது. ஆஸ்பத்திரியில் நர்ஸ்கள் அதைப் போலீஸ் கண்ணில் படாமல் ஒளித்து வைத்து, அவர் அப்பாவிடம் சேர்த்தார்கள். அப்படி ஒரு ஆளை நாங்கள் பிடிக்கவே இல்லை என்று சொல்ல முடியாமல் செய்தது அந்த ரசீதுதான். அந்த நர்ஸ்களுக்கு அரசியல் எல்லாம் இருந்ததாகத் தெரியவில்லை.

சரி, கோர்ட்டில் என்ன ஆச்சு? லிவ்ராகா டிசம்பரிலேயே புகார் கொடுத்திருந்தார். லா ப்ளாட்டா நீதிபதி ஒருவர் துணிச்சலாக விசாரிக்கவும் செய்தார். சான் மார்ட்டின் நிலையத்துப் போலீஸ் அதிகாரி, சுடச் சொல்லி எனக்கு ஃபெர்னாண்டஸ் ஸ்வாரெஸ் உத்தரவு போட்டார் என்று அவர் முன்னால் ஒத்துக்கொண்டார். இதற்குமேல் என்ன வேண்டும்? ஆனால் 1957 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம், இது ராணுவ நீதிமன்றம் பார்க்க வேண்டிய வழக்கு என்று சிவில் நீதிபதியின் கையிலிருந்து பிடுங்கிக் கொடுத்துவிட்டது. ராணுவ நீதிமன்றத்தில் அது செத்தது. ஒருவருக்கும் ஒரு நாள் சிறைகூட இல்லை.

புத்தகமும் அப்படியே. துண்டுப் பத்திரிகைகளில் தொடராக வந்து, 1957 கடைசியில் ஒரு சிறிய பதிப்பகம் போட்டது. கொலைகாரர்கள் யார், எப்போது, எப்படி, எந்தச் சட்டப்படி குற்றம் எல்லாம் அதில் இருக்கிறது. ஆனால் மறுபதிப்பு வந்தபோதும் அடுத்த மறுபதிப்பு வந்தபோதும் நிலைமை அதேதான். பிந்தைய பதிப்புகளின் பின்னுரையில், இந்த நாட்டு நீதியின்மேல் எனக்கிருந்த நம்பிக்கை போய்விட்டது என்கிற தொனியில் வால்ஷ் எழுதுகிறார். நியாயமாகத்தான் படுகிறது.

நிற்க. இதோடு முடித்துக்கொண்டால் நல்ல ஹீரோ கதை. ஆனால் வரலாறு அங்கே நிற்கவில்லை.

1970 மே 29. மோன்டோனெரோஸ் என்ற இளம் பெரோனிஸ்ட் ஆயுதக் குழு, ஓய்வு பெற்று வீட்டிலிருந்த அரம்புருவைக் கடத்தியது. திமோதே என்ற ஊரில் ஒரு பண்ணை வீட்டு நிலவறையில் வைத்து, தாங்களே நீதிபதி, தாங்களே வக்கீல், சுட்டுக் கொன்றார்கள். முதல் குற்றச்சாட்டே 1956 ஜூன் படுகொலைகள்தான். கோர்ட் தண்டிக்காததை நாங்கள் தண்டித்தோம் என்றார்கள். நாட்டில் பலர் உள்ளுக்குள் கைதட்டவும் செய்தார்கள்.

வால்ஷ்? கண்டிக்கவில்லை. பிந்தைய பதிப்பு ஒன்றில் அரம்புரு பற்றி ஒரு அத்தியாயமே சேர்த்து, அதை வரலாற்றின் தீர்ப்பாகப் பார்த்தார். சில வருஷத்தில் அவரே மோன்டோனெரோஸில் சேர்ந்து உளவுப் பிரிவில் வேலை செய்தார். 1976 ஜூலை 2 அன்று அந்த இயக்கம் தலைநகரில் போலீஸ் உணவுக்கூடத்தில் வைத்த குண்டில் 20 பேருக்கு மேல் செத்தார்கள்.

எனக்கு வால்ஷை ரொம்பப் பிடிக்கும். இருந்தாலும் இதைத் தாண்டிப் போக முடியவில்லை. நிராயுதபாணியாகப் பிடிபட்டவனை, அவன் குற்றவாளியாகவே இருந்தாலும், கோர்ட் இல்லாமல் சுட்டால் அது கொலை என்று அவர்தான் எல்லாரையும்விட நன்றாக நிரூபித்தவர். நிலவறையில் உட்கார்ந்திருந்த அரம்புருவும் நிராயுதபாணிதான். 1957-ம் வருஷத்து வால்ஷிடம் அந்த ஃபைலைக் கொடுத்திருந்தால் என்ன எழுதியிருப்பார்? கோர்ட் மட்டும் 1957-ல் தன் வேலையைச் செய்திருந்தால் அந்த நிலவறைக்கே வேலை இருந்திருக்காது என்று வாதாடலாம். வாதாடுகிறார்கள். எனக்கு அது முழுசாகச் செரிக்கவில்லை. அதே சமயம், பதினைந்து வருஷம் கதவைத் தட்டிக் களைத்த ஒருவனுக்கு வெளியிலிருந்து நான் சுலபமாக உபதேசம் பண்ணிவிட முடியுமா என்றும் தோன்றுகிறது.

குப்பைமேட்டில் தப்பியவர்களில் ஹுலியோ த்ரோக்ஸ்லர் என்பவர் ஒருவர். முன்னாள் போலீஸ்காரர். 1972-ல் இந்தப் புத்தகத்தை ரகசியமாகப் படம் எடுத்தபோது அதில் தன் வேஷத்தைத் தானே ஏற்று நடித்தார். 1974 செப்டம்பரில் 'மூன்று ஏ' என்ற வலதுசாரிக் கொலைக் கும்பல் அவரைச் சுட்டுக் கொன்றது. 1956-ல் தப்பிய ஆளை 18 வருஷம் கழித்து வேறு ஒரு துப்பாக்கி பிடித்தது. அப்போது ஆட்சியில் இருந்தது பெரோனிஸ்ட் அரசாங்கம் என்பதுதான் இன்னும் கொடுமை.

1976 மார்ச் 24 ராணுவம் மறுபடி வந்தது. இந்தத் தடவை குப்பைமேடு, ஹெட்லைட் எல்லாம் இல்லை. ஆட்களே காணாமல் போனார்கள். பட்டியல் கிடையாது, ரசீது கிடையாது, நேரம் கிடையாது. அந்த வருஷம் செப்டம்பர் 29-ல் வால்ஷின் மகள் விக்கி, அவளும் மோன்டோனெரோஸ், ராணுவம் வீட்டைச் சூழ்ந்தபோது செத்துப்போனாள். முந்தின நாள்தான் 26 வயது முடிந்திருந்தது. அவளுடைய கைக்குழந்தை பிழைத்தது. அதற்கப்புறம் வால்ஷ் இயக்கத் தலைமைக்கு, இந்த ஆயுதப் பைத்தியத்தை நிறுத்துங்கள், ஜனங்களை விட்டு விலகிப்போய்விட்டோம், பின்வாங்குங்கள் என்கிற ரீதியில் அறிக்கை மேல் அறிக்கை எழுதினார். தலைமை கேட்கவில்லை.

அவர் திரும்பவும் பழைய வேலைக்கே வந்தார். எண்ணுவது. ரகசியச் செய்தி நிறுவனம் ஒன்று நடத்தி விவரம் சேர்த்தார். ஆட்சிக்கு ஒரு வருஷம் நிறைந்த 1977 மார்ச் 24 அன்று ராணுவ ஆட்சிக் குழுவுக்குத் திறந்த கடிதம் ஒன்று, சொந்தப் பெயரில் கையெழுத்துப் போட்டு. காணாமல் போனவர் 15,000, கைதிகள் 10,000, செத்தவர் 4,000 என்று ஆரம்பத்திலேயே கணக்கு. கூலி எவ்வளவு குறைந்தது என்பதும் அதில் இருக்கிறது. வசை கிடையாது. மறுநாள் 25-ம் தேதி பிரதிகளைத் தபாலில் போட்டுவிட்டு நடந்தவரைக் கடற்படைப் பொறியியல் பள்ளியின் (எஸ்மா) கொலைக் குழு சுற்றி வளைத்தது. அவரிடம் ஒரு சின்ன .22 துப்பாக்கி இருந்தது. சுட்டார், சுடப்பட்டார். உடல் இன்றுவரை கிடைக்கவில்லை. அவர் வீட்டைச் சூறையாடி, எழுதி வைத்திருந்த கதைகளையும் தூக்கிக்கொண்டு போனார்கள்.

இதற்கப்புறம் நடந்ததை ஓட்டமாகச் சொல்கிறேன், அது தனியாக எழுத வேண்டிய கதை. 1983-ல் ராணுவ ஆட்சி போனது. ஜனாதிபதி அல்ஃபோன்சின் அமைத்த குழு, எழுத்தாளர் எர்னெஸ்தோ சாபத்தோ தலைமையில், 1984-ல் 'இனி ஒருபோதும் வேண்டாம்' (ஸ்பானிஷில் நுன்கா மாஸ்) என்ற அறிக்கையைக் கொடுத்தது. காணாமல் போனவர்கள் 8,961 பேர், ரகசியச் சிறைகள் சுமார் 340 என்று ஆவணத்தோடு எண்ணிய அறிக்கை. அது புத்தகமாக வந்து விற்றுத் தீர்ந்தது. அடுத்த வருஷம் அரசுத் தரப்பு வழக்கறிஞர் ஹூலியோ ஸ்த்ராசேரா அதிலிருந்து 709 சம்பவங்களைப் பொறுக்கி எடுத்துக்கொண்டு, ஆண்ட ஜெனரல்களைச் சாதாரண சிவில் கோர்ட்டில் நிறுத்தினார். 1957-ல் எந்தச் சிவில் கோர்ட்டிடமிருந்து வழக்கைப் பிடுங்கினார்களோ, அதே மாதிரி கோர்ட்! 1985 டிசம்பர் 9-ல் விதேலாவுக்கும் மசேராவுக்கும் ஆயுள். ('அர்ஜென்டினா, 1985' என்று 2022-ல் படம் வந்தது, நன்றாக இருக்கும்.)

அப்புறம் ராணுவத்தின் மிரட்டலில் 1986, 87-ல் வழக்குகளை நிறுத்தும் சட்டங்கள், 1989, 90-ல் மன்னிப்பு. எல்லாம் தண்ணீரில் எழுதியது மாதிரி ஆயிற்று. 1995-ல் இன்னொரு புத்தகம், ஓராசியோ வெர்பித்ஸ்கி எழுதிய 'பறத்தல்'. கைதிகளை மயக்க ஊசி போட்டு விமானத்திலிருந்து கடலில் வீசியதை ஒரு கடற்படை அதிகாரி தன் வாயாலேயே சொன்ன புத்தகம். வெர்பித்ஸ்கி யார் என்றால், வால்ஷின் அந்த ரகசியச் செய்தி நிறுவனத்தில் கூட வேலை பார்த்தவர். 2005-ல் உச்ச நீதிமன்றம் அந்தச் சட்டங்களைச் செல்லாது என்றது. வழக்குகள் மறுபடி உயிர் பெற்றன.

2011 அக்டோபர் 26-ல் எஸ்மா வழக்கில் தீர்ப்பு வந்தது. அல்ஃப்ரேதோ அஸ்தீஸ், ஹோர்ஹே அகோஸ்தா உட்பட 12 பேருக்கு ஆயுள். குற்றப் பட்டியலில் ரொடால்ஃபோ வால்ஷின் கொலையும் ஒன்று. நடந்து 34 வருஷம் கழித்து.

அப்படியானால் வால்ஷ் கொலைக்குத் தண்டனை கிடைத்துவிட்டது. வால்ஷ் எழுதிய கொலைக்கு? ஹோசே லியோன் ஸ்வாரெஸ் குப்பைமேட்டு விவகாரத்தில் ஒருவர்கூடத் தண்டிக்கப்படவில்லை. அந்த வழக்கின் முழு விசாரணையும் ஒரே இடத்தில்தான் இருக்கிறது, அந்த 200 சொச்சம் பக்கப் புத்தகத்தில்.

படிக்கக் கிடைத்தால் ஒன்று சொல்ல ஆசை. புத்தகம் மூன்று பகுதி: மனிதர்கள், சம்பவங்கள், சாட்சியங்கள். நான் மணி மணி என்று மூன்றாம் பகுதியைப் பற்றியே இவ்வளவு பேசிவிட்டேன். முதல் பகுதியில் துப்பாக்கியே கிடையாது. கர்ரான்ஸா ராத்திரி எப்படி வீட்டுக்கு வந்தார், கரிபோத்தி வீட்டில் பிள்ளைகள் எப்படி இருந்தார்கள், யார் யாரை ரேடியோ கேட்கக் கூப்பிட்டார்கள், இதுதான். கொஞ்சம் மெதுவாகப் போகும். தயவுசெய்து தாண்டிப் போகாமல் படியுங்கள்.